குர்ட் போய்ஸ்: நாயகனாக இருந்தவர் சிறு வேடங்களுக்கு வந்த கதை

2024 ஜூன் 8, மாலை (ஒரு வாசகரின் கேள்வி)

‘காஸாபிளாங்கா’ படத்தின் தொடக்கத்தில் ஆங்கிலேயத் தம்பதியிடம் பேசிக்கொண்டே பணப்பையை அடித்துவிடும் அந்த ஒல்லியான மனிதர் யார்? இரண்டு நிமிடம்கூட வருவதில்லை. ஆனாலும் முகம் மறக்கவில்லை. ஜெர்மானியர் என்று எங்கோ படித்தேன். இவ்வளவு திறமை உள்ள ஒருவர் கதாநாயகனாக முடியாமல், ஜேப்படித் திருடன், ஹோட்டல் சிப்பந்தி என்றே காலம் தள்ளினார் என்றால் அதைத் தோல்வியடைந்த வாழ்க்கை என்றுதானே சொல்ல வேண்டும்?

2024 ஜூன் 8, இரவு

அவர் பெயர் குர்ட் போய்ஸ். 1901 ஏப்ரல் 5 அன்று பெர்லினில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தார். 1991 டிசம்பர் 25 அன்று அதே பெர்லினில் காலமானார். இடையில் வியன்னா, நியூயார்க், ஹாலிவுட் என்று சுற்றி, பிறகு கிழக்கு பெர்லினுக்கும் அங்கிருந்து மேற்கு பெர்லினுக்கும் வந்து சேர்ந்தவர்.

தோல்வி என்பதை நான் ஏற்கவில்லை. போய்ஸ் நாயகனாக முடியாமல் போனவர் அல்லர். பெர்லினில் நாயகனாக இருந்தவர். நாட்டைவிட்டு விரட்டப்பட்டதால் சிறு வேடங்களுக்கு வந்தவர். வந்த இடத்தில் எதையும் அரைகுறையாகச் செய்யவில்லை. இதை விரிவாக எழுத வேண்டும் என்று நெடுநாளாக எண்ணியிருந்தேன். இந்தக் கேள்வி நல்ல தருணத்தில் வந்திருக்கிறது.

2024 ஜூன் 9

முதலில் அந்த ஜேப்படிக் காட்சியையே எடுத்துக்கொள்வோம்.

படம் நடப்பது இரண்டாம் உலகப் போர்க் காலத்தில், நாஜிகளிடமிருந்து தப்பிவந்த அகதிகள் நிறைந்த மொராக்கோவின் காஸாபிளாங்கா நகரத்தில். தெருவில் காவலர்கள் ஆட்களை வளைத்துப் பிடித்துக்கொண்டிருக்கிறார்கள். நடைபாதை மேசையில் உட்கார்ந்திருக்கும் ஆங்கிலேயத் தம்பதிக்கு என்ன நடக்கிறதென்று புரியவில்லை. பக்கத்தில் நிற்கும் போய்ஸ் விளக்குகிறார். இரண்டு ஜெர்மன் தூதர்கள் பாலைவனத்தில் கொல்லப்பட்டிருக்கிறார்கள், அதற்காக அகதிகளைப் பிடிக்கிறார்கள், காவல்துறைத் தலைவருக்காக ஓர் அழகான பெண்ணும் பிடிபடுவாள் என்கிறார். இந்த ஊருக்கு அகதிகளோடு ஐரோப்பாவின் கழிசடைகளும் வந்து சேர்ந்திருக்கின்றன என்று வருத்தப்படுகிறார். பிறகு அந்த ஆங்கிலேயரைக் கருணையோடு ஒரு கையால் அணைத்து, எங்கும் பிணந்தின்னிக் கழுகுகள், ஜாக்கிரதையாக இருங்கள் என்று மன்றாடிவிட்டு நகர்ந்துவிடுகிறார். சற்று நேரம் கழித்துத்தான் அந்த மனிதர் சட்டைப் பையைத் தடவுகிறார். அப்போதும் களவு போனது அவருக்கு உறைக்கவில்லை. பணப்பையை ஹோட்டலிலேயே வைத்துவிட்டு வந்ததாக மனைவியிடம் சொல்கிறார்.

கதைக்குத் தேவையான தகவல்களைப் பார்வையாளரிடம் சேர்ப்பதுதான் திரைக்கதை இந்தப் பாத்திரத்துக்குக் கொடுத்திருக்கும் வேலை. கொலை, தேடுதல் வேட்டை, ஊழல் அதிகாரி, சிக்கிக்கிடக்கும் அகதிகள் எல்லாம் அந்தச் சில வாக்கியங்களில் வந்துவிடுகின்றன. இத்தகைய விளக்க வசனத்தைச் சாதாரண நடிகர் சொன்னால் செய்தி வாசிப்பதுபோல் இருக்கும். போய்ஸ் சொல்லும்போது அவருக்கு வேறு ஒரு வேலை இருக்கிறது. அந்த வேலைக்காகத்தான் அவர் பேசுகிறார். வார்த்தைகள் ஆங்கிலேயரின் கவனத்தைத் தெருப்பக்கம் இழுக்கின்றன, கரிசனமான அந்த அணைப்பு உடலை நெருங்க இடம் தருகிறது, கடைசி எச்சரிக்கையின்போது முகம் உண்மையாகவே கலங்குகிறது. திருட்டை நமக்குக் காட்டிக்கொடுக்கும் கள்ளச் சிரிப்போ ஓரக்கண் பார்வையோ எதுவும் இல்லை. எனவே நாமும் ஏமாறுகிறோம்.

2024 ஜூன் 9, பிற்பகல்

இன்னொரு வாசகர் அது பீட்டர் லோரே என்று எழுதியிருக்கிறார். இல்லை. லோரே அதே படத்தில் உகார்ட்டே என்ற பாத்திரத்தில் வருகிறார். பயண அனுமதிக் கடிதங்களை மதுவிடுதி உரிமையாளர் ரிக்கிடம் ஒப்படைத்துவிட்டுப் பிடிபடுபவர் அவர். போய்ஸ் வேறு.

போய்ஸ் மறுபடி ஒருமுறை வருவதையும் கவனியுங்கள். ரிக்கின் மதுவிடுதியில் ஒரு பயணியிடம் அதே எச்சரிக்கையைச் சொல்லிவிட்டு, வெளியேறும் வழியில் கார்ல் என்ற பணியாளர்மேல் மோதி மன்னிப்புக் கேட்டுவிட்டுப் போகிறார். கார்ல் உடனே தன் பைகளைத் தட்டிப் பார்த்துக்கொள்கிறார். கார்லாக நடித்த சாக்கால் ஹங்கேரிய யூதர். ஜெர்மன் மேடையிலும் திரையிலும் புகழ்பெற்று, அங்கிருந்து வெளியேற நேர்ந்தவர். கண்ணிமைக்கும் நேரத்தில் முடியும் அந்த மோதலை இருவரும் ஒரே தாளத்தில் செய்கிறார்கள். ஒருவர் மற்றவரின் நேரத்தைப் பறிக்கவில்லை.

2024 ஜூன் 11

பெர்லின் நாள்கள் பற்றிக் கேட்டிருக்கிறீர்கள்.

போய்ஸ் குழந்தை நட்சத்திரம். லியோ ஃபால் இசையமைத்த ‘டேர் ஃபிடேலே பவர்’ என்ற இசை நாடகத்தில் ஹைனர்லே என்னும் சிறுவனாகப் பெர்லின் மேடையில் ஏறியபோது அவருக்கு ஏழு வயதுகூட நிரம்பியிருக்குமோ என்னவோ. 1909இல் வந்த ‘கிளெபோலின் கிளெப்ட் அல்லெஸ்’ என்ற மௌனக் குறும்படத்திலும் சிறுவனாக இருக்கிறார். 1919இல் எர்ன்ஸ்ட் லூபிட்ஷ் இயக்கிய ‘டீ அவுஸ்டெர்ன்பிரின்ட்ஸெஸின்’ படத்தில் இசைக்குழு நடத்துநர். விருந்துக்கு வந்தவர்கள் முதல் சமையலறை ஆட்கள்வரை எல்லோரையும் ஃபாக்ஸ்ட்ராட் நடனம் தொற்றிக்கொள்ளும் அந்த நீண்ட காட்சியில், பதினெட்டு வயது போய்ஸ் கைக்கோலைவிட அதிகமாக இடுப்பாலும் தோளாலும்தான் இசையை நடத்துகிறார். மௌனப் படம்; ஒலி கிடையாது. அவர் உடலைப் பார்த்தால் தாளம் காதில் விழுகிறது.

1920களில் அவர் பெர்லினின் முன்னணி நகைச்சுவை நடிகர். கபாரே எனப்படும் கேளிக்கை விடுதி மேடைகளில் பாடினார். ‘சார்லிஸ் டான்டெ’ நாடகத்தில் பெண் வேடமிட்டு ஊரைச் சிரிக்கவைத்தார். ‘டேர் ஃபூர்ஸ்ட் ஃபோன் பாப்பென்ஹைம்’ (1927) படத்தில் நாயகன். 1931இல் ‘டேர் ஷ்லெமீல்’, 1932இல் ‘ஐன் ஷ்டைன்ரைக்கர் மன்’ என்று பேசும் படங்களிலும் அவர்தான் மையம். விளம்பரத் தட்டிகளில் அவர் பெயர்தான் பெரிய எழுத்தில் இருந்தது.

1933இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். போய்ஸ் வெளியேறினார்.

2024 ஜூன் 12

‘டேர் ஃபூர்ஸ்ட் ஃபோன் பாப்பென்ஹைம்’ பற்றி மேலும் ஒன்று சொல்ல வேண்டும். அந்தப் படத்தில் போய்ஸ் பெண் உடையில் வரும் காட்சி ஒன்று உண்டு. 1940இல் ஃப்ரிட்ஸ் ஹிப்ளர் என்ற நாஜி அதிகாரி யூதர்களுக்கு எதிரான வெறுப்புப் பிரச்சாரமாக ‘டேர் ஏவிகே யூடே’ என்ற படத்தைத் தயாரித்தபோது, அந்தக் காட்சியை வெட்டி அதில் சேர்த்துக்கொண்டார். யூதர்கள் ஒழுக்கம் கெட்டவர்கள் என்பதற்குச் சான்று என்று! ஃப்ரிட்ஸ் லாங்கின் ‘எம்’ படத்தில் குழந்தைகளைக் கொல்பவனாக நடித்த பீட்டர் லோரே தன் நோயைச் சொல்லிக் கதறும் பகுதியையும் அப்படியே எடுத்துப் போட்டார்கள். ஒரு நடிகன் பாத்திரத்துக்காகச் செய்ததை அவனுடைய இனத்தின் இயல்பாகக் காட்டினார்கள்.

இதைப் படித்த நாளிலிருந்து என் மனம் ஆறவில்லை. மக்களைச் சிரிக்கவைக்க ஒரு மனிதன் உழைத்து உருவாக்கிய காட்சி, அவனுடைய சொந்த மக்களைக் கொல்வதற்கு ஊரைத் தயார்ப்படுத்தும் கருவியாயிற்று. அந்த நேரத்தில் அவர் ஹாலிவுட்டில் சில நொடி வேடங்களில் நடித்துக்கொண்டிருந்தார்.

2024 ஜூன் 15

ஹாலிவுட் காலத்துப் பட்டியலைக் கேட்ட வாசகருக்கு, எனக்கு உறுதியாகத் தெரிந்தவற்றை மட்டும் தருகிறேன். 1937இல் ‘ஹாலிவுட் ஹோட்டல்’ படத்தில் ஆடை வடிவமைப்பாளர். 1938இல் ‘கோல்ட் டிக்கர்ஸ் இன் பாரிஸ்’. 1939இல் வில்லியம் டீட்டெர்லே இயக்கிய ‘த ஹன்ச்பேக் ஆஃப் நாட்டர்டாம்’ படத்தில் ஒரு மாணவர். டீட்டெர்லேயும் ஜெர்மனியில் நடிகராகத் தொடங்கியவர்தான். 1941இல் ‘ஹோல்ட் பேக் த டான்’. 1942இல் ‘காஸாபிளாங்கா’. பிறகு ‘கவர் கேர்ள்’, ‘சரடோகா ட்ரங்க்’, ‘ஆர்ச் ஆஃப் ட்ரையம்ஃப்’, மாக்ஸ் ஓஃபுல்ஸின் ‘காட்’ (1949).

பாத்திரங்களை வரிசையாகப் பார்த்தால் ஒன்று புலப்படும். தையல், முடிதிருத்தல், நகை வியாபாரம், பணிவிடை, சில்லறைத் திருட்டு. அமெரிக்க ஸ்டுடியோக்கள் வந்து சேர்ந்த ஜெர்மானியர்களை உச்சரிப்பாலும் உடற்கட்டாலும் பிரித்து வைத்தன. உயரமும் விறைப்பும் இருந்தவர்கள் நாஜி அதிகாரிகள் ஆனார்கள். ஹிட்லரை உயிருக்கு உயிராக வெறுத்து, யூத மனைவியோடு ஜெர்மனியைவிட்டுப் போன கான்ராட் ஃபைட் ‘காஸாபிளாங்கா’வில் மேஜர் ஸ்ட்ராஸர். போய்ஸைப் போலக் குள்ளமாகவும் மெலிந்தும் இருந்தவர்களுக்குக் குனிந்து நிற்கும் வேடங்களே வாய்த்தன.

‘ஹோல்ட் பேக் த டான்’ படத்தை இங்கே தனியாகச் சொல்ல வேண்டும். பில்லி வைல்டரும் சார்லஸ் பிராக்கெட்டும் எழுதியது. மெக்சிகோ எல்லையூர் ஒன்றில், அமெரிக்க விசாவுக்காகக் காத்துக்கிடக்கும் ஐரோப்பியர்கள் நிறைந்த ஹோட்டல். போய்ஸ் அங்கே போன்புவா என்ற பிரெஞ்சு முடிதிருத்துபவர். லஃபாயெத்துக்கும் அவர் வழித்தோன்றல்களுக்கும் அமெரிக்கா ஒரு காலத்தில் கௌரவக் குடியுரிமை வழங்கியது என்பதும், தான் அந்த வம்சம் என்பதும் தெரிந்ததும் அவர் மகிழ்வது பெரிய சிரிப்புக் காட்சியாக எழுதப்பட்டிருக்கிறது. போய்ஸ் சிரிப்பைக் குறைத்து, காகிதத்தின் மீதான நம்பிக்கையைக் கூட்டுகிறார். ஒரு தாள் இருந்தால் மனிதன், இல்லாவிட்டால் யாருமில்லை என்ற நிலையை அனுபவித்தவர் அதை விளையாட்டாகச் செய்ய முடியாதுதான்.

2024 ஜூன் 16

சிறு வேடம் என்றால் சின்ன வேலை என்று நினைப்பவர்களுக்காக என் அனுபவம் ஒன்றையும் சேர்க்கிறேன். கல்லூரிக் காலத்தில் மதுரையில் ஒரு நாடகக் குழுவில் நடித்துவந்தேன். ஒரு நாடகத்தில் எனக்கு வழக்கறிஞரின் குமாஸ்தா வேடம்: வழக்குத் தாள்களின் கட்டு ஒன்றைக் கொண்டுவந்து வைத்து, வாதி வந்திருக்கிறார் என்று சொல்லிவிட்டு, வாசல் ஓரமாக நிற்க வேண்டும். பேசும்போது சிரமமில்லை. நிற்கும்போதுதான் சிரமம். கை எங்கே இருக்க வேண்டும், யாரைப் பார்க்க வேண்டும், மற்றவர்கள் பேசும்போது முகத்தில் ஏதாவது காட்ட வேண்டுமா என்று மனம் அலைந்துகொண்டே இருக்கும். பார்க்கிறவர்கள் என்னையும் கவனிக்க வேண்டும் என்ற ஆசை உள்ளே கிடந்து அரிக்கும். ஒத்திகையில் எங்கள் இயக்குநர், ‘உனக்கு வேலை இல்லாததால்தான் நடிக்கிறாய், ஒரு வேலையை வைத்துக்கொள்’ என்றார். அன்றிலிருந்து கட்டுக்குள் இருந்த தாள்களைத் தேதி வாரியாக அடுக்கத் தொடங்கினேன். அடுக்கி முடிக்கும் அவசரம் வந்ததும் மேடையில் நிற்பதே மறந்துபோயிற்று.

போய்ஸின் எந்தச் சிறு வேடத்தைப் பார்த்தாலும் அவருக்கு அங்கே ஒரு வேலை இருக்கிறது. வசனம் அந்த வேலைக்கு ஊடே வருகிறது.

2024 ஜூன் 16, இரவு

மேலே எழுதியதைத் திரும்பப் படித்தபோது ஒன்றைச் சொல்லாமல் விட்டால் நியாயமாகாது என்று தோன்றியது. சிறு வேடத்தின் நுட்பத்தை இப்படிப் போற்றும்போது, அந்தச் சிறுமையை அவரே விரும்பி எடுத்துக்கொண்டார் என்ற எண்ணம் படிப்பவருக்கு வந்துவிடக்கூடும். அவர் விரும்பவில்லை; அவர்மேல் சுமத்தப்பட்டது. நுட்பம் அவருடையது, சிறுமை வரலாற்றினுடையது. இரண்டையும் சேர்த்துக் குழப்பக் கூடாது.

‘காஸாபிளாங்கா’வில் போய்ஸுக்காவது டைட்டிலில் பெயர் உண்டு. தொடக்கத்தில் காலாவதியான தாள்களோடு பிடிபட்டு, ஓடும்போது சுடப்பட்டு, நாஜிகளோடு ஒத்துழைத்த பிரெஞ்சு அரசின் தலைவர் மார்ஷல் பெத்தானின் படம் ஒட்டிய சுவரடியில் விழுகிறாரே, அவர் வொல்ஃப்காங் சில்ஸர். பெர்லினில் இருந்த தந்தைக்கு ஆபத்து வரக் கூடாது என்று நாஜி எதிர்ப்புப் படங்களில் புனைபெயரில் நடித்தவர். விடுதியில் வைரத்தை விற்க வந்து, இன்னும் கொஞ்சம் கூட்டித் தரக் கூடாதா என்று கெஞ்சும் பெண் லோட்டெ பால்ஃபி. ஜெர்மனியில் மேடை நடிகையாக இருந்தவர். இருவருக்கும் டைட்டிலில் இடமில்லை. பால்ஃபிக்கு அந்த ஒரு வரியைத் தாண்டி வசனமும் இல்லை.

இவர்களில் யாரையும் சிறு வேடத்தின் அழகுக்கு உதாரணமாகக் காட்டி நாம் நிம்மதி அடைந்துவிடக் கூடாது. இழந்தது இழந்ததுதான்.

2024 ஜூன் 19

அகதிகளுக்கு அகதி வேடம் கொடுத்தது ஒருவகை மரியாதை அல்லவா என்று ஒரு நண்பர் எழுதியிருக்கிறார். பாதி உண்மை. படத்தில் பிரெஞ்சு தேசிய கீதமான மார்செய்யேஸ் எழும் காட்சியில் அந்த முகங்களில் தெரியும் ஈரத்துக்கு, அவர்கள் உண்மையிலேயே வீடிழந்தவர்கள் என்பதும் ஒரு காரணம். ஆனால் அந்த ஒரு காட்சிக்கு வெளியே, அவர்களை வேலைக்கு எடுத்தது உச்சரிப்புக்காகத்தான். அந்த உச்சரிப்பே அவர்களைப் பெரிய வேடங்களிலிருந்து விலக்கியும் வைத்தது. சிறு வயது முதல் ஜெர்மன் வாக்கியத்தின் வேகத்தையும் இழுவையையும் நகைச்சுவைக்குப் பழக்கிய நடிகருக்கு, முப்பத்தைந்து வயதில் வேறு மொழியில் அந்த வேகம் எங்கிருந்து வரும்? போய்ஸ் அதற்கு ஒரு வழி கண்டார். ஆங்கிலத்தில் வேகத்தைத் தேடாமல், உடலின் வேகத்தை மட்டும் வைத்துக்கொண்டு, பேச்சைத் தேனாகக் குழைத்தார். ‘காட்’ படத்தில் பணக்காரர் ஒருவரின் உதவியாளர் ஃப்ரான்ஸியாக வரும்போது இதை நன்றாகப் பார்க்கலாம். பேச்செல்லாம் கொஞ்சல், குழைவு, அன்பே என்ற விளிப்பு. முதலாளி திரும்பும் முன்பே உடல் திரும்பிவிடுகிறது. பல காலம் அவமானத்தை விழுங்கிய அந்த மனிதர் ஒரு கட்டத்தில் வேலையை உதறிவிட்டு நடக்கும்போது குழைவு முழுவதும் போய், உண்மைக் குரல் வெளியே வருகிறது. படத்தை இயக்கிய ஓஃபுல்ஸும் ஜெர்மனியிலிருந்து துரத்தப்பட்டவர். அந்தக் காட்சி ஏன் அவ்வளவு துல்லியமாக இருக்கிறது என்பதற்கு இதைவிட வேறு விளக்கம் எனக்குத் தேவைப்படவில்லை.

2024 ஜூன் 22

போருக்குப் பிறகு 1950இல் அவர் பெர்லினுக்குத் திரும்பினார், அதுவும் கிழக்குப் பகுதிக்கு. ஹாலிவுட்டிலேயே தங்கியிருக்கலாமே என்று கேட்பவர்கள், ஒரு நடிகருக்குத் தாய்மொழி என்ன என்பதை யோசிக்க வேண்டும்.

1952இல் நாடகாசிரியர் பிரெக்டின் குழுவான பெர்லினர் ஆன்சாம்பிளின் மேடையில் அவர் எழுதிய ‘திரு. புன்டிலாவும் அவரது வேலையாள் மட்டியும்’ நாடகத்தில் புன்டிலாவாக நடித்தார். 1955இல் அல்பெர்த்தோ கவால்காந்தி அதை ஆஸ்திரியாவில் படமாக்கியபோதும் அவரே புன்டிலா. இசை ஹான்ஸ் ஐஸ்லர். புன்டிலா ஃபின்லாந்துப் பண்ணையார். குடித்திருக்கும்போது எல்லோரையும் தோளில் கைபோட்டு அணைக்கும் நல்ல மனிதர்; தெளிந்ததும் கொடுமைக்காரர். போதையில் கொடுத்த வாக்கைத் தெளிவில் மீறுவார்.

பத்து ஆண்டுகளுக்கும் மேலாக முதலாளிமார் முகம் பார்த்துச் சேவகம் செய்யும் பாத்திரங்களில் நடித்தவருக்கு, முதலாளி பாத்திரம் வந்து சேர்ந்தது. படத்தில் பார்த்தால் தெரியும்: புன்டிலாவின் கனிவு எவ்வளவு ஆபத்தானது என்பதை, அந்தக் கனிவுக்கு முன்னால் நின்று பழகிய ஒருவர்தான் அவ்வளவு சரியாகக் காட்ட முடியும். வேலையாளை அணைக்கும் புன்டிலாவின் கை, ‘காஸாபிளாங்கா’வில் ஆங்கிலேயரை அணைத்த கையை எனக்கு நினைவூட்டியது. இரண்டு அணைப்பும் எதிராளியிடமிருந்து எதையோ எடுத்துக்கொள்கின்றன.

2024 ஜூன் 22, இரவு

விடுபட்டது ஒன்று: அவர் இயக்குநரும்கூட. 1955இல் கிழக்கு ஜெர்மனியின் டேஃபா திரைப்பட நிறுவனத்துக்காக ‘ஐன் போல்டர்ஆபெண்ட்’ என்ற படத்தை இயக்கினார். பிறகு மேற்குப் பகுதிக்கு மாறினார். அங்கே மேடை, தொலைக்காட்சி, ‘டாஸ் ஷ்பூக்‌ஷ்லாஸ் இம் ஷ்பெஸார்ட்’ (1960) போன்ற கேளிக்கைப் படங்கள்.

2024 ஜூன் 27

எண்பதாவது வயதில் வந்த ‘டாஸ் போட் இஸ்ட் ஃபோல்’ (1981) பற்றி எழுதக் கொஞ்சம் அவகாசம் தேவைப்பட்டது. மார்க்குஸ் இம்ஹோஃப் இயக்கிய சுவிட்சர்லாந்துப் படம். அயல்மொழிப் பிரிவில் ஆஸ்கர் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டது. போர்க் காலத்தில் ஜெர்மனியிலிருந்து தப்பி எல்லை தாண்டும் சிலர், சிறு குழந்தை உள்ள குடும்பத்துக்குத் தங்க அனுமதி உண்டு என்ற விதியை நம்பி, ஒரே குடும்பம்போல நடிக்கிறார்கள். ஒருவருக்கொருவர் உறவே இல்லாத அந்தக் கூட்டத்தில் போய்ஸ் வயதான யூதர்.

பாத்திரங்களே நடிகர்களாக மாற வேண்டிய கதை இது. அப்பா, அம்மா, தாத்தா என்று வேடம் பிரித்துக்கொள்கிறார்கள். சரியாக நடிக்காவிட்டால் திருப்பி அனுப்பிவிடுவார்கள், அனுப்பினால் சாவு. வாழ்நாள் முழுவதும் நடித்த ஒரு மனிதர், நடிக்கத் தெரியாத கிழவர் ஒருவர் உயிர் பிழைக்க நடிப்பதுபோல் நடிக்கிறார். தடுமாற்றத்தை மிகைப்படுத்தும் வாய்ப்பு நிறைய இருந்தும் போய்ஸ் அதைத் தொடவில்லை. அதிகாரியின் கேள்விக்குப் பதில் சொல்வதற்கு முன் சற்றே தாமதிக்கிறார், அவ்வளவுதான். நாற்பது ஆண்டுகளுக்கு முன் ஹாலிவுட்டில் அகதி என்றால் வேடிக்கையான உச்சரிப்பும் படபடப்பும். இங்கே அகதி என்றால் களைத்துப்போன ஒரு மனிதர்.

2024 ஜூலை 3

‘விங்ஸ் ஆஃப் டிசையர்’ (1987) என்று பரவலாக அறியப்படும் விம் வென்டர்ஸ் படத்தில் அவர் ஹோமர் என்ற முதிய கதைசொல்லி. வயது 86. இப்படத்துக்காக 1988இல், முதன்முறையாக வழங்கப்பட்ட ஐரோப்பியத் திரைப்பட விருதுகளில், சிறந்த துணை நடிகர் விருது அவருக்குக் கிடைத்தது.

நூலகத்தில் பழைய புகைப்படத் தொகுப்பைப் புரட்டுகிறார். பிறகு பெர்லின் சுவரை ஒட்டிய பொட்டல்வெளியில் கைத்தடியோடு நடக்கிறார். போட்ஸ்டாமர் பிளாட்ஸ் என்ற சதுக்கத்தைக் காணவில்லையே என்று தனக்குள் பேசிக்கொள்கிறார். கஃபே யோஸ்டி எங்கே? பிற்பகலில் அங்கே உட்கார்ந்து காப்பி குடிப்பேன், போகிற வருகிற மக்களைப் பார்ப்பேன், அதற்கு முன் எதிரே உள்ள கடையில் சுருட்டு வாங்குவேன். இது அந்த இடமாக இருக்க முடியாது. பிறகு திடீரென்று கொடிகள் தொங்கின, சதுக்கம் முழுவதும் கொடிகள், மக்கள் அன்பாக இல்லாமல் போனார்கள். இவ்வாறு முணுமுணுத்துக்கொண்டே காட்டுப் புல் முளைத்த இடத்தில் யாரோ எறிந்த பழைய சாய்வு நாற்காலியில் மூச்சு வாங்க உட்கார்ந்துவிடுகிறார். கண்டுபிடிக்கும்வரை விடப்போவதில்லை என்று அடம்பிடிக்கிறார்.

வரிகளை வேறொருவர் எழுதியிருக்கலாம். ஆனால் 1933க்கு முன் அந்தச் சதுக்கம் இருந்த நகரத்தில் மேடையேறி, நாஜிக் கொடிகள் தொங்கிய ஆண்டில் அங்கிருந்து ஓட வேண்டியிருந்த மனிதர்தான் அவற்றைச் சொல்கிறார். குரலில் அழுகை துளியும் இல்லை, எரிச்சல்தான் இருக்கிறது. தன் ஊரை யாரோ இடம் மாற்றி வைத்துவிட்டார்கள் என்பதுபோன்ற எரிச்சல். என்னை அதிகம் உலுக்கியது அந்த எரிச்சலே. துக்கமாகச் செய்திருந்தால் நாம் இரக்கப்பட்டுவிட்டுப் போயிருப்போம்.

அந்தச் சுவர் 1989 நவம்பரில் திறக்கப்பட்டபோது அவர் உயிரோடு இருந்தார். பொட்டல்வெளியில் கட்டடங்கள் எழுந்தது அவருக்குப் பிறகு.

2024 ஜூலை 4

அந்தப் படத்தில் ஹோமரோடு நடந்துவரும் தேவதை காஸியெலாக நடித்தவர் ஓட்டோ ஸாண்டர். இன்னொரு தேவதை ப்ரூனோ கான்ஸ். இந்த இருவரும் சேர்ந்து 1982இல் போய்ஸையும் பெர்ன்ஹார்ட் மினெட்டியையும் பற்றி ‘கெடெக்ட்னிஸ்’ என்ற ஆவணப்படம் எடுத்திருக்கிறார்கள். புகழின் உச்சியில் இருந்த நடிகர்கள் கேமராவைத் தூக்கிக்கொண்டு முதிய நடிகர்களிடம் போய், நீங்கள் எப்படிச் செய்தீர்கள் என்று கேட்டது எனக்கு மிகப் பெரிய மரியாதையாகப் படுகிறது. மினெட்டி நாஜிக் காலம் முழுவதும் பெர்லின் மேடையிலேயே இருந்தவர். விரட்டப்பட்டவரையும் தங்கியிருந்தவரையும் ஒரே படத்தில் வைத்ததும் யோசித்துச் செய்ததாகத்தான் இருக்க வேண்டும்.

2024 ஜூலை 4, இரவு

அவர் திரையில் இருந்த காலத்தின் நீளமே ஒரு சாதனை அல்லவா என்று கேட்டிருக்கிறீர்கள். ஆம், 1909இலிருந்து 1987 என்று கணக்கிட்டாலே திரையில் ஏறத்தாழ எட்டு பத்தாண்டுகள். பேசாப் படம், பேசும் படம், ஹாலிவுட் ஸ்டுடியோ, கிழக்கு ஜெர்மனி, தொலைக்காட்சி எல்லாவற்றையும் ஒரே உடல் கடந்திருக்கிறது. சாதனை என்ற அளவில் அதைப் பெரிதாக்க எனக்கு விருப்பமில்லை. நடுவே பறிபோன ஆண்டுகளையும் அந்தக் கணக்கு சேர்த்தல்லவா எண்ணுகிறது?

2024 ஜூலை 10

எதிலிருந்து பார்க்கத் தொடங்குவது என்று கேட்டிருக்கிறீர்கள். லூபிட்ஷின் படத்திலிருந்து தொடங்குங்கள். நடனக் காட்சி மட்டும் போதாது, முழுப் படமும் நன்றாக இருக்கும். பிறகு ‘ஹோல்ட் பேக் த டான்’, அடுத்து ‘காஸாபிளாங்கா’ என்ற வரிசையில் பார்த்தால் காகிதத்துக்காகக் காத்துக்கிடக்கும் மனிதர்கள் இரண்டு படங்களிலும் தொடர்வது தெரியும். ‘காட்’ கட்டாயம். ‘புன்டிலா’ கிடைத்தால் விட வேண்டாம். ‘டாஸ் போட் இஸ்ட் ஃபோல்’ படத்தை ‘விங்ஸ் ஆஃப் டிசைய’ருக்கு முன்பே பார்த்துவிடுங்கள், அந்தக் களைப்பைப் பார்த்தவர்களுக்குத்தான் ஹோமரின் பிடிவாதம் முழுமையாகப் புரியும். ஹாலிவுட்டை விட்டுக் கிளம்பிய 1950இல் வெளியான ‘ஃபார்ச்சூன்ஸ் ஆஃப் கேப்டன் பிளட்’ படத்தில் அவருக்கு இங்கிலாந்து மன்னர் இரண்டாம் சார்லஸ் வேடம் கொடுத்திருக்கிறார்கள். வாள்சண்டைப் படம், நேரம் மிஞ்சினால் அதையும் பார்க்கலாம்.